ஒரு போத்தல் விர்பினா

பூசை முடியுமுன்னரே யாரோமிர் கத்தத் தொடங்கிவிட்டார்.

நன்மை அப்பம் வாங்குவதற்காக வரிசையில் நின்ற விக்ரோரியாவின் நெற்றியில் கறுப்பாக ஒரு சிலுவை இருந்தது. அது ஜூலை மாதம். நெற்றியில் சாம்பல் சிலுவை போடும் சாம்பல் புதன் கழிந்து ஐந்து மாதங்கள் ஆகியிருந்தன. யாரோமிர் அந்த நெற்றியைப் பார்த்தார். பிறகு திரும்பி மாதா சுரூபத்தின் காலடியைப் பார்த்தார். அங்கே மெழுகுதிரிகளுக்குப் பின்னால் இருந்த கண்ணாடிப் போத்தலை எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். கழுத்துவரை இருந்த மண் பாதிக்குக் கீழே இறங்கியிருந்தது.

"இதைத் தொட்டது யார்?" என்று டெனிஷ் மொழியில் கேட்டார்.

முன்வரிசை டெனிஷ்காரர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சுவாமியார் கையில் அப்பத்துடன் அப்படியே நின்றார். மாக்கிரட், போத்தலைத் துடைத்து வைத்தது யார் என்றுதான் கேட்கிறார் என நினைத்து, சிரித்தபடி கையை உயர்த்தினாள்.

அவர் நேரே வந்து போத்தலை அவள் முகத்துக்கு முன்னால் நீட்டினார். பிறகு கத்தினார். நிறையக் கத்தினார். கடைசியில் விக்ரோரியாவின் நெற்றியைக் காட்டி, எல்லாருக்கும் விளங்கும் சின்னச் சொற்களில் சொன்னார்: "மண் தின்னிகள்!"

மாக்கிரட் பக்கத்தில் நின்ற ஞானரட்ணத்திடம் மெதுவாகக் கேட்டாள்.

"என்னவாம் அண்ணை?"

"கொஞ்சம் மனவருத்தமாம்."

"இவ்வளவு நேரம் கத்தினது கொஞ்ச மனவருத்தத்துக்கோ?"

"டெனிஷில சொல்லேக்க நீளமாத்தான் வரும்" என்றார் ஞானரட்ணம். ஆனால் அவருடைய முகம் வெளிறிப்போயிருந்தது. பிறகு குரலைத் தாழ்த்தி, "அது சவக்குழி மண்ணாம் பிள்ளை. அவற்ர தாயின்ர" என்றார்.

டென்மார்க்கில் கிரின்ஸ்டெட்டுக்கு வெளியே, முன்னொரு காலத்தில் பால் சேகரிக்கும் நிலையமாக இருந்த கட்டடம்தான் அந்தக் கோவில். சுவாமியார் வைலேயிலிருந்து இரண்டு ஞாயிறுக்கு ஒருமுறை காரில் வருவார். மற்ற நேரமெல்லாம் அதைத் திறப்பதும் பூட்டுவதும், மெழுகுதிரி ஏற்றுவதும், பூசைக்கு ஆயத்தம் செய்வதும் யாரோமிர்தான். மன்னார்த் தமிழர் கோவிற்பணியாளைச் சொல்வதுபோல அவரைச் சங்கிலித்தாம் என்றார்கள். செக்கோஸ்லோவாக்கியாவிலிருந்து பதினெட்டு வருடங்களுக்கு முன் தப்பி வந்தவர், கோவிலுக்கு அடுத்த வீட்டில் தனியாக இருப்பவர், யாருடைய வணக்கத்துக்கும் தலையசைக்காதவர் என்பதற்கு மேல் அவரைப்பற்றி யாருக்கும் எதுவும் தெரியாது. அகதிகளாக வந்த தமிழர்கள் சப்பாத்துகளைக் கழற்றிக் கோவில் வாசலில் குவித்துவிட்டு உள்ளே போவது அவருக்குப் பிடிக்கவில்லை. ஒருமுறை அந்தக் குவியலைக் காலால் எற்றியிருக்கிறார்.

மாக்கிரட் மன்னார்க் கரையைச் சேர்ந்தவள். ஊரை விட்டுப் புறப்பட்டபோது அவளிடம் ஒரு சிறு பொட்டலத்தில் மடுமாதா கோவில் மண் இருந்தது. பாம்பு கடித்தாலும், காய்ச்சல் வந்தாலும், பிள்ளை பயந்தாலும் அந்த மண்ணில் ஒரு சிட்டிகை போதும் என்பது அவர்கள் ஊரில் யாரும் விவாதிக்காத விஷயம். வழியில் ஒரு விமான நிலையத்தில் காவலர் ஒருவர் அந்தப் பொட்டலத்தைப் பிரித்து, முகர்ந்து, நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுக் குப்பைத்தொட்டியில் கொட்டினார். மற்றதெல்லாம் இழந்தபோது அழாதவள் அன்று அழுதாள்.

மார்கழியில் வந்து சேர்ந்தவள், தையிலிருந்து சனிக்கிழமைகளில் கோவிலைக் கூட்டித் துடைத்தாள். யாரும் கேட்கவில்லை, அவளாகத்தான் செய்தாள். மாதாவின் காலடியில் அந்தப் போத்தலைக் கண்டாள். துருப்பிடித்த மூடி. உள்ளே கறுத்த மண். வெளியே ஒட்டியிருந்த தாளில் "விர்பினா 1974" என்று எழுதியிருந்தது. லூர்து மாதாவின் தண்ணீர்ப் போத்தலில் லூர்து என்று எழுதியிருப்பதை அவள் பார்த்திருக்கிறாள். ஆகவே விர்பினா என்பது இந்தப் பக்கத்து மாதா கோவில் ஒன்று என்று முடிவு செய்தாள். அதைப்பற்றி யாரிடமும் அவள் கேட்கவில்லை. மாதாவின் காலடியில் இருக்கும் மண் எதற்கு என்று மன்னாரில் யாரும் யாரிடமும் கேட்பதில்லை.

வைகாசியில் மேரிசெலினுடைய கைக்குழந்தைக்கு நான்கு நாட்களாகக் காய்ச்சல். மருத்துவர் தொலைபேசியில் தண்ணீர் கொடுக்கச் சொன்னார். ஐந்தாம் நாள் விட்டுவிடும் என்றும் சொன்னார். மாக்கிரட் போத்தலிலிருந்து ஒரு சிட்டிகை மண் எடுத்து, குழந்தையின் நெற்றியில் சிலுவை போட்டு, கொதித்தாறிய நீரில் ஒரு துகளைக் கரைத்துப் பருக்கினாள். ஐந்தாம் நாள் காய்ச்சல் விட்டது. மருத்துவர் சொன்னதை யாரும் நினைவில் வைத்திருக்கவில்லை.

பிறகு எல்லாரும் கேட்டார்கள். பாண் சுற்றி வரும் தாளை வெட்டி, ஆனி முடிவதற்குள் பதினொரு வீடுகளுக்குப் பொட்டலம் கட்டிக் கொடுத்தாள். ஒவ்வொரு முறை எடுக்கும்போதும் ஒரு மெழுகுதிரி கொளுத்தி, மூன்று அருள்நிறை மந்திரம் சொன்னாள். களவு என்ற எண்ணமே அவளுக்கு வரவில்லை.

அந்த ஞாயிறு பூசை முடிந்ததும் யாரோமிர் அவளைப் பின்னறைக்குக் கூப்பிட்டார். ஞானரட்ணமும் கூடப் போனார். மண் யார் யார் வீட்டுக்கு எதற்காகப் போனது என்று அவள் சொல்ல, அவர் மொழிபெயர்த்தார். சுவாமியார் வாசலில் நின்றார்.

"ஒரு துகள் விடாமல் எனக்கு வேண்டும்" என்றார் யாரோமிர். "ஆகஸ்ட் மாதம் உங்களுக்குத் திருநாள் இருக்கிறது. ஜெர்மனியிலிருந்து உங்கள் பாதிரியார் வருகிறார். சாவி என்னிடம் இருக்கிறது. மண் வரும்வரை உங்களுக்காக இந்தக் கதவு திறக்காது."

ஞானரட்ணம் இதை மாக்கிரட்டுக்கு மொழிபெயர்த்தார்.

அந்தத் திருநாளுக்காக அவள் ஏழு மாதமாகக் காத்திருந்தாள். அவளுடைய கணவர் சந்தியோகு இரண்டு வருடங்களுக்கு முன் வள்ளத்தில் போனவர். வள்ளம் வந்தது, அவர் வரவில்லை. உடல் கிடைக்காததால் அடக்கம் இல்லை, குழி இல்லை, குழியில் நட ஒரு சிலுவையும் இல்லை. தமிழ்ப் பூசையில் அவர் பெயரைச் சொல்லி ஒப்புக்கொடுப்பது ஒன்றுதான் அவளால் அவருக்குச் செய்யக்கூடியது. அந்தப் பூசைக்கு அவருடைய பெயரை முதலாவதாக எழுதிக் கொடுத்திருந்தாள்.

ஞானரட்ணம் சுவாமியாரைப் பார்த்தார். சுவாமியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கோவில் அவருடையது அல்ல. ஆனால் தாய் அவருடைய தாய். இதில் நான் எப்படிக் கட்டளையிடுவேன்?" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறினார். கட்டளை இடாவிட்டாலும் இன்னும் அரை மணி நேரம் இருந்திருக்கலாம்.

மாக்கிரட் அன்று பின்னேரமே வீடு வீடாகப் போகத் தொடங்கினாள். ஞானரட்ணம் கார் ஓட்டினார்.

செய்தி அவளுக்கு முன்னே போய்விட்டிருந்தது. மேரிசெலின் குழந்தையை மறுதோளுக்கு மாற்றிக்கொண்டு கதவை அரைவாசி மட்டும் திறந்தாள்.

"சவக்குழி மண்ணையோ அக்கா என்ர பிள்ளைக்குப் பருக்கினியள்?"

"எனக்குத் தெரியாதடி செலின். மாதாவின்ர காலடியில இருந்தது."

"சவக்காலை மண் எடுக்கிறது செய்வினைக்காரர். எங்கட ஊரில நாய் கூட அதைத் தொடாது. பிள்ளைக்கு இனி என்ன வந்தாலும் நான் உங்களிட்டத்தான் வருவன்." பொட்டலத்தை வாசல் மிதியடியில் எறிந்து கதவைச் சாத்தினாள். மாக்கிரட் முழங்காலில் இருந்து, சிந்திய துகள்களை மிதியடியிலிருந்து விரல் நுனியால் ஒற்றி எடுத்தாள்.

இரண்டு வீட்டுக்காரர் பயத்தில் பொட்டலத்தைக் கழிப்பறையில் போட்டுத் தண்ணீர் அடித்துவிட்டிருந்தார்கள். ஒருவர் பூச்சாடியில் கொட்டியிருந்தார். ஒரு வீட்டில் அது சரக்குப் பெட்டிக்குள் மஞ்சள் தூளோடு கலந்து கிடந்தது. எல்லா வீட்டிலும் ஏதாவது ஒரு சொல் சேர்த்தே திருப்பிக் கொடுத்தார்கள்.

விக்ரோரியா மட்டும் கொடுக்கவே மறுத்தாள்.

"தரமாட்டன். எட்டு வருசத்து முழங்கால் நோ. இதைப் பூசின பிறகு மாடிப்படி ஏறுறன். ஆற்ர தாயின்ர மண்ணாயிருந்தா எனக்கென்ன? அந்த மனுசி செத்தும் எனக்கு உதவுறா. நீ ஏன் குறுக்கால நிக்கிறாய்?"

"அக்கா, கோவில் கதவைத் திறக்கமாட்டன் எண்டு நிக்கிறார்."

"ஆர், அந்த யாரோவோ? பேரே யாரோ. அவனுக்கு நான் ஏன் பயப்பட?" அவள் கொஞ்சம் யோசித்தாள். "சந்தியோகுவுக்குப் பூசை எண்டெல்லோ சொன்னனீ? சரி, ஒருக்காக் கடைசியாப் பூசிப்போட்டுத் தாறன்."

"ஐயோ அக்கா, பூசாதேங்கோ!"

கடைசியாகக் குருசுமுத்துவின் அறைக்குப் போனார்கள். கோழி வெட்டும் தொழிற்சாலையில் வேலை முடிந்து வந்து கட்டிலில் படுத்திருந்தவர் எழும்பவில்லை.

"அது இப்ப மன்னாரில நிக்கும். அப்புவுக்குக் கால் வீக்கம் எண்டு போன மாசம் கடிதத்துக்குள்ள வைச்சு அனுப்பினனான். திருப்பி அனுப்பச் சொல்லட்டோ? 'அப்பு, மண்ணைத் தட்டிப்போட்டுத் தாங்கோ, இஞ்ச ஒரு வெள்ளைக்காரன் அழுகிறான்' எண்டு?"

"வேண்டாம்" என்றாள் மாக்கிரட். "அப்புவுக்குச் சுகம் வரட்டும்."

புதன்கிழமை மாலை, வெயில் இன்னும் சாயாத நேரம், அவள் பொட்டலங்களோடு ஞானரட்ணத்தையும் கூட்டிக்கொண்டு கோவிலின் பின்னறைக்குப் போனாள். யாரோமிர் மேசையில் வெள்ளைத் துணி விரித்திருந்தார். ஒவ்வொரு பொட்டலமாகப் பிரித்து, விரலில் எடுத்து முகர்ந்தார்.

"இது பரவாயில்லை." அடுத்தது. "இது என்ன மஞ்சள்? இதைச் சமைத்தீர்களா?" அடுத்தது. பூச்சாடியிலிருந்து வந்ததை எடுத்து மேசை ஓரத்துக்குத் தள்ளினார். "இது விர்பினா அல்ல. இது கிரின்ஸ்டெட் மணல். சாம்பல் நிறம், வெறும் புதர் முளைக்கிற மணல். விர்பினாவின் மண் கறுப்பு. ஏன் கறுப்பு என்று தெரியுமா உங்களுக்கு? என்ன தின்றோம் என்றாவது தெரியுமா?"

ஞானரட்ணம் தொண்டையைச் செருமினார். "மண்ணைப்பற்றிச் சில விபரம் சொல்ல விரும்புறார்."

"அண்ணை, அவர் சொல்லுறதை அப்படியே சொல்லுங்கோ" என்றாள் மாக்கிரட்.

யாரோமிர் கோவில் அறிவித்தல் தாள் ஒன்றைப் புரட்டி, அதன் வெறும் பக்கத்தில் பென்சிலை அழுத்திக் கோடு கிழித்தார். தாள் ஓரிடத்தில் கிழிந்தது. வடக்கே மலை. மலைக்கு அப்பால் ஜெர்மனி. மலையிலிருந்து இறங்கும் ஓடை, அதன் இரு கரையிலும் நாற்பத்துமூன்று வீடுகள். ஓடை ஊருக்குள் நுழையும் இடத்தில் மாவு ஆலை. நடுவில் கற்பாலம், பாலத்தில் ஒரு புனிதரின் சிலை, மூக்கு உடைந்தது. கீழே குளம். ஒவ்வொரு அக்டோபரிலும் குளத்தைத் திறந்துவிட்டு முழங்கால் சேற்றில் நின்று மீன் பிடிப்பார்கள். கிறிஸ்து பிறப்பான நத்தாருக்கு அந்த மீன்தான். கிழக்கே ஒரு மேடு, மேட்டில் கோவில், கோவிலின் வடக்குச் சுவரோரம் இறந்தவர்களைப் புதைக்கும் சேமக்காலை. அங்கே ஒரு புள்ளி வைத்து, பென்சில் முனை முறியும்வரை அழுத்தினார்.

"மேல்கரையில் ஜெர்மன் பேசினார்கள். கீழ்க்கரையில் செக் பேசினார்கள். எந்தக் கரையில் இருந்தாலும் ஒரே பாதிரியாரைத்தான் திட்டினார்கள். முப்பத்தெட்டில் ஜெர்மன் படை வந்தது. மேல்கரை பூக்கொடுத்தது. கீழ்க்கரை வண்டி கட்டிக்கொண்டு ஓடியது. நாற்பத்தைந்தில் எல்லாம் தலைகீழ். மேல்கரைக்காரர் கையில் வெள்ளைத் துணி கட்டி, தூக்கக்கூடியதைத் தூக்கிக்கொண்டு ரயிலுக்கு நடந்தார்கள். கிழவிகள், குழந்தைகள், எல்லாரும். ஒருவரும் திரும்பவில்லை. வெறுமையான வீடுகளுக்கு வேறு ஊர்களிலிருந்து ஆட்களைக் கொண்டுவந்தார்கள். அப்படித்தான் என் தாய் வந்தாள். எனக்கு அப்போது பதினேழு வயது."

அவர் மூச்சு வாங்கினார். ஆனால் நிறுத்தவில்லை.

"அறுபத்தெட்டில் டாங்கிகள் வந்தன. நான் ஓடி வந்தேன். எழுபத்திரண்டில் தாய் செத்தாள். போக முடியவில்லை. பிறகு ஊருக்குக் கீழே நிலக்கரி இருக்கிறது என்றார்கள். அதுதான் கறுப்பு. விளங்கியதா? மாடி வீட்டின் உயரத்தில் ஒரு சக்கரம் கொண்ட இயந்திரம் வந்து ஆலையைத் தின்றது, பாலத்தைத் தின்றது, குளத்தை, மேட்டை, சேமக்காலையை. ஓடையை ஒரு குழாய்க்குள் விட்டார்கள். இன்று அந்த இடம் ஒரு பள்ளம். வரைபடத்தில் பெயர்கூட இல்லை. இயந்திரம் வருவதற்கு முந்திய வாரம் என் தங்கை தாயின் குழியிலிருந்து இந்தப் போத்தலில் அள்ளி, காய்ந்த காளான் என்று எழுதி எனக்கு அனுப்பினாள். நான் சாகும்போது என் பெட்டிக்குள் போடுவதற்கு." போத்தலை மேசையில் குத்தி வைத்தார். "உலகத்தில் இவ்வளவுதான் விர்பினா. இதை நீங்கள் உங்கள் பிள்ளைகளின் வயிற்றுக்குள் போட்டீர்கள்."

ஞானரட்ணம் ஒரு சொல்லையும் மென்மையாக்காமல் சொன்னார். சொல்லி முடித்ததும் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்தார்.

மாக்கிரட் தாளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு போத்தலைப் பார்த்தாள்.

"அண்ணை, போத்தல் ஆருடையது எண்டு கேளுங்கோ."

"என்ன?"

"நான் கழுவேக்க தாளின்ர மூலை கொஞ்சம் கிளம்பினது. அடியில இன்னொரு தாள் ஒட்டியிருக்கு. பழசு. அதில ஒரு பழம் கீறி இருந்தது."

"பிள்ளை, இப்ப இதைக் கேட்டா மனுசன் எங்கள் ரெண்டு பேரையும் போத்தலுக்குள்ள போட்டு மூடிப்போடுவான்."

"கேளுங்கோ."

அவர் கேட்டார். யாரோமிரின் கை மேசைமேல் நின்றுவிட்டது.

"பிளம்ஸ் ஜாம்" என்றார். "ஆயிரத்துத் தொளாயிரத்து நாற்பத்து நான்கு. மேல்கரையில் எங்களுக்குக் கொடுத்த வீடு, பதினேழாம் இலக்கம். நிலவறையில் வரிசையாக அடுக்கி இருந்தது. எங்களுக்குப் பசி. எல்லாவற்றையும் தின்றோம்."

"அந்த ஜாம் செய்த மனுசியின்ர பேர் என்ன?"

"தெரியாது. என் தாய் கேட்கவிடவில்லை." அவர் எழுந்து கதிரையைப் பின்னால் தள்ளினார். அது விழுந்தது. "போங்கள். இரண்டு பேரும் வெளியே போங்கள்!"

காரில் ஏறியதும் ஞானரட்ணம் ஸ்டியரிங்கில் நெற்றியை வைத்துக்கொண்டார். "நல்லாத்தான் கதைச்சனாங்கள். கதவு இனி நத்தாருக்கும் திறக்காது."

"நான் அவரைக் குத்திக் காட்டக் கேட்கேல்லை அண்ணை. அந்த மனுசியும் தன்ர போத்தலை நினைச்சிருப்பாவெல்லோ. அவவுக்கும் ஆரும் பேர் சொல்லவேணும்." கொஞ்சத் தூரம் போன பிறகு அவள் சொன்னாள்: "அந்தாளின்ர கோவம் எனக்கு விளங்குது. அவருக்கு ஒரு போத்தலாவது இருந்தது. என்ர மனுசனுக்கு அள்ளி வைக்க மண்ணே இல்லை. கடல்."

தமிழர்களுக்குக் கோவில் பூட்டியே இருந்தது. சனிக்கிழமைகளில் மாக்கிரட் சைக்கிளில் எட்டுக் கிலோமீட்டர் மிதித்து வந்து, உள்ளே போக முடியாததால் வெளிப்படியைக் கூட்டினாள். கல்லிடுக்கில் முளைத்த புல்லைப் பிடுங்கினாள். யாரோமிரின் வீட்டு யன்னலில் திரை அசைந்து மூடிக்கொண்டது. தும்புத்தடியைச் சுவருக்குப் பின்னால் மறைத்து வைத்துவிட்டுப் போனாள். அடுத்த சனி வந்தபோது அது அங்கே இல்லை. அதற்கடுத்த சனி, கைப்பிடியில் புதிய தும்புத்தடியைக் கட்டிக்கொண்டு வந்தாள். அதையும் அங்கேயே மறைத்து வைத்தாள். ஒருவர் எடுத்துக்கொண்டே இருந்தால் மற்றவர் கொண்டுவந்துகொண்டே இருக்கலாம் என்பது அவளுடைய எண்ணம். அது மோசமான எண்ணமல்ல.

ஆகஸ்ட் பதினாறு, சனிக்கிழமை. மாதாவின் விண்ணேற்பு வெள்ளிக்கிழமை வந்ததால், வேலை இல்லாத மறுநாள் திருநாள் வைத்தார்கள். காலையிலிருந்தே மழை. சில்க்போர்க்கிலிருந்து நான்கு கார்கள், டோஸ்ட்ருப்பிலிருந்து ஒரு வான், ஜெர்மனியிலிருந்து சுவாமியார். சேலை உடுத்திய பெண்கள் நெகிழித் தாளைத் தலையில் பிடித்துக்கொண்டு வாசலில் நின்றார்கள். கதவு பூட்டியிருந்தது.

"சவக்காலை மண்காரி நிக்கிறா பார்" என்று மேரிசெலின் எல்லாருக்கும் கேட்கச் சொன்னாள். "அவவால அறுபது பேர் மழையில."

"பெட்டியில சோறு ஆறுது" என்றாள் விக்ரோரியா. "கதவைத் தட்டுங்கோவன் ஆம்பிளையள். அல்லாட்டி நான் முழங்காலால தட்டுறன். இப்ப அது நல்ல முழங்கால்."

கதவுக்கருகே இரண்டு தும்புத்தடிகள் சாய்த்து வைத்திருப்பதை மாக்கிரட் பார்த்துக்கொண்டிருந்தாள். போன கிழமை கொண்டுவந்ததும், அதற்கு முன் காணாமல் போனதும். பழையதற்குப் புதிய ஆணி அடித்திருந்தது.

அப்போது குருசுமுத்து வந்தார். கையில் நீலக் கடிதம் நனைந்துகொண்டிருந்தது. நேரே அவளிடம் வந்தார்.

"அப்பு செத்துப்போனார். ஆடி ஒன்பதாம் திகதி. உன்ர மண் ஒண்டும் செய்யேல்லை."

அவள் அவருடைய கையைப் பிடித்தாள். அவர் உதறினார். அவள் மறுபடி பிடித்தாள். இம்முறை அவர் உதறவில்லை. அப்படியே நின்று அழுதார். அழுகைக்கு நடுவில், அப்பு அந்தப் பொட்டலத்தைக் கழுத்தில் கட்டிக்கொண்டே படுத்திருந்தாராம், கழற்ற விடவில்லையாம், அதோடேயே அடக்கம் செய்தார்களாம் என்று சொன்னார்.

மாக்கிரட் கடிதத்தை வாங்கிச் சேலைத் தலைப்பால் ஒற்றினாள். "ஞானரட்ணம் அண்ணை, வாங்கோ" என்றாள். இருவரும் அடுத்த வீட்டுக் கதவைத் தட்டினார்கள்.

யாரோமிர் திறந்தார். "மண் எங்கே?" என்பதுதான் முதல் சொல்.

"ஒரு பொட்டலம் இனி வராது எண்டு சொல்லுங்கோ. அது மன்னாரில ஒரு சவக்காலையில இருக்கு. மனுவேல் எண்டு ஒரு கிழவர், குருசுமுத்துவின்ர தகப்பன். அவற்ர கழுத்தில. இவற்ர தாயின்ர மண்ணை அவரோட சேர்த்துத் தாட்டுப்போட்டினம். என்னால எடுத்துத் தர ஏலாது. மன்னிக்கச் சொல்லுங்கோ."

ஞானரட்ணம் சொன்னார். யாரோமிர் அந்தக் கடிதத்தைப் பார்த்தார். எழுத்துகள் அவருக்குப் புரியாதவை. திண்ணென்ற முகம் மாறவில்லை. பிறகு ஒரு கேள்வி கேட்டார்.

"அங்கே நிலக்கரி இருக்கிறதா?"

"இல்லை" என்றாள் மாக்கிரட். "மணலும் கடலும்தான். நாலடி தோண்டினாத் தண்ணி வரும். உப்புத்தண்ணி."

"இயந்திரங்கள்?"

"இல்லை. ஆமி நிக்குது. அது பொய் சொல்லக்கூடாது. ஆனா நிலக்கரி இல்லை."

அவர் உள்ளே போனார். கதவை மூடாமல் போனார். திரும்பி வந்தபோது கையில் அந்த அறிவித்தல் தாளும் பென்சிலும் சாவியும் இருந்தன. தாளை ஞானரட்ணத்திடம் நீட்டி, "அந்த இடத்தைக் கீறு" என்றார். விர்பினாவின் குளத்துக்குக் கீழே கொஞ்சம் வெறும் இடம் இருந்தது. ஞானரட்ணம் கடலைக் கீறினார். ஒடுங்கிய தீவைக் கீறினார். மாக்கிரட் காட்டிய இடத்தில் ஒரு சிறு சிலுவை போட்டார். யாரோமிர் அதை மழை படாமல் சட்டைக்குள் வைத்துக்கொண்டார். வேறொரு துண்டுத் தாளில் ஏதோ எழுதி அவளிடம் கொடுத்தார். பிறகு மழைக்குள் இறங்கிப் போய்க் கோவில் கதவைத் திறந்தார்.

"சப்பாத்துகளைக் குவிக்காதீர்கள்!" என்று கத்தினார். "சோடி சோடியாக! இது மாட்டுக்கொட்டில் அல்ல!"

அறுபது பேர் சோடி சோடியாக வைத்தார்கள்.

பூசையில் இறந்தவர்களை நினைக்கும் இடம் வந்தது. சுவாமியார் சந்தியோகுவின் பெயரை வாசித்தார். மாக்கிரட் தலையைக் குனிந்துகொண்டாள். இரண்டு வருடமாக அவள் சுமந்த ஒன்று அந்தச் சொல்லோடு மெல்ல இறங்கியது. பிறகு மனுவேல். பிறகு சுவாமியார் துண்டுத் தாளைக் கண்ணுக்கருகே பிடித்து, "யாரோமிரின் தாய் லூட்மிலா" என்று வாசித்தார். கீழே இன்னொரு வரி இருந்தது. ஒருமுறை பின்வாசலில் நின்ற யாரோமிரைப் பார்த்துவிட்டு அதையும் வாசித்தார்: "விர்பினாவில் பதினேழாம் இலக்க வீட்டில் இருந்த பெண்."

அது யார் என்று அங்கே மூன்று பேருக்கு மேல் தெரியாது. இருந்தாலும் எல்லாரும் ஒரே குரலில் அந்தப் பெண்ணுக்காகவும் நித்திய இளைப்பாற்றி கேட்டார்கள். மேரிசெலினும் கேட்டாள்.

பூசை முடிந்து கடைசி ஆள் வெளியேறும்வரை யாரோமிர் கதவருகே சாவியோடு நின்றார். மாதாவின் காலடியில் போத்தல் மறுபடி இருந்தது, பாதிக்குக் கொஞ்சம் மேலே. பழைய பழத்தாள் தெரியும்படி மேல்தாளின் மூலை கிழிக்கப்பட்டிருந்தது. மாக்கிரட் அதைப் பார்த்து நின்றபோது அவர் பின்னாலிருந்து சொன்னார்:

"ஒரு துகள்கூடத் தொடாதே."

"ஓம்" என்றாள் மாக்கிரட். பிறகு தும்புத்தடியை எடுத்து, மழையில் சேறான வாசலைக் கூட்டத் தொடங்கினாள். அவர் விளக்கை உடனே அணைக்காமல் அவள் கூட்டி முடியும்வரை நின்றார்.